பிழைக்காது என்று ஏட்டில் எழுதப்பட்ட ஊர்

ஓர் ஊரை அழிப்பதற்குத் தீவட்டியும் அரிவாளும்தான் வேண்டும் என்பதில்லை. 1968இல் கீழ்வெண்மணியில் 44 உயிர்களைக் குடிசையோடு கொளுத்தினார்கள். அந்தச் சாம்பலின் சூடு நம் நெஞ்சில் இன்னும் ஆறவில்லை. ஆனால் மேசைமுன் அமர்ந்து, பேனாவைக் கொண்டு, ஓசையின்றி, சட்டத்துக்கு ஒரு குறையும் வராமல் ஊரைச் சாகடிக்கும் வழியும் உண்டு. அவ்வழியைக் கூச்சநாச்சமில்லாமல் எழுத்திலேயே வடித்து வைத்தவர்கள், அமெரிக்காவில் கலிபோர்னியா மாநிலத்து டுலேர் கவுண்டியின் ஆட்சியாளர்கள்.

கவுண்டி என்பது ஏறத்தாழ நம் மாவட்டத்தைப் போன்றது. 1971இல் அந்தக் கவுண்டி தன் பொது வளர்ச்சித் திட்டத்தை வெளியிட்டது. அதிலே 15 ஊர்களைப் பொறுக்கியெடுத்து, பிழைக்கும் தகுதியற்றவை என்று முத்திரை குத்தினார்கள். அந்த ஊர்களுக்குக் குடிநீர், சாக்கடை போன்ற பெரிய வசதிகளைச் செய்து கொடுக்காமல் நிறுத்தி வைத்தால் மக்கள் தாமாகவே வேறிடம் தேடிப் போவார்கள். ஊரும் நாளடைவில் இயல்பாகத் தேய்ந்து மறையும். இதுதான் அத்திட்டத்தின் சாரம். தண்ணீரை நிறுத்திவிட்டு, அதனால் வரும் சாவுக்கு 'இயல்பு' என்று பெயர் சூட்டிய துணிச்சலை என்னவென்பது!

அந்தப் பதினைந்தில் ஒன்று அலென்ஸ்வொர்த் என்னும் சிற்றூர். அதன் கதையை நம் வாசகத் தோழர்களுக்குச் சொல்ல வேண்டும் என்று பல நாளாக நமக்கு விருப்பம். பிழைப்புத் தேடி ஊர்விட்டு ஊர் வந்து, பிறர் ஆளும் மண்ணில் நமக்கென்று நாலு தெருவை அமைத்துக்கொண்டு வாழும் நமக்கு, அந்தக் கதையில் தெரிந்துகொள்ள வேண்டியது நிறைய இருக்கிறது.

முதலில் ஒரு நிர்வாகச் சங்கதி. அமெரிக்காவில் ஓர் ஊர் தனக்கென மன்றமும் வரிவிதிக்கும் உரிமையும் நிலத்தை எதற்குப் பயன்படுத்தலாம் என்று முடிவு செய்யும் அதிகாரமும் பெற வேண்டுமானால், மாநிலச் சட்டப்படி நகராட்சியாகப் பதிவு பெற வேண்டும். பதிவு பெறாத ஊருக்கு வீடுகள் இருக்கும், பள்ளி இருக்கும், தேவாலயம் இருக்கும், வரைபடத்தில் பெயரும் இருக்கும். ஆனால் ஆளுவது கவுண்டித் தலைநகரில் அமர்ந்திருக்கும் மேற்பார்வையாளர் குழு. கலிபோர்னியாக் கவுண்டிகளில் அந்தக் குழுவில் இருப்பவர்கள் ஐவர். ஐவரில் ஒருவரைத் தேர்ந்தெடுக்க ஓட்டுப் போடலாம். அந்தத் தொகுதியிலும் இந்தச் சிற்றூரின் ஓட்டு கைப்பிடி அளவுதான். நம் பக்கத்துச் சேரியை எண்ணிப் பாருங்கள். பஞ்சாயத்தின் பெயரும் தலைவரும் 'ஊர்' பக்கம்; குழாயைத் திறப்பதும் மூடுவதும் அங்கே. டுலேரின் பதினைந்து ஊர்களும் இப்படிப் பதிவு பெறாத ஊர்களே. முத்திரை யார்மேல் விழுகிறது என்று கவனித்தீர்களா?

இனி ஊர் பிறந்த கதைக்கு வருவோம்.

ஆலன் அலென்ஸ்வொர்த் 1842இல் கென்டகி மாநிலத்து லூயிவில் நகரில் அடிமையாகப் பிறந்தவர். எழுத்துப் படிக்க முயன்றான் என்ற குற்றத்துக்காகப் பன்னிரண்டு வயதில் தாயிடமிருந்து பிரித்துத் தெற்கே விற்றார்கள். ஏகலைவனின் கட்டைவிரலையும் சம்பூகனின் தலையையும் கேட்ட நாட்டிலிருந்து வந்த நமக்கு, படிப்பு ஏன் குற்றமாயிற்று என்று யாரும் விளக்கத் தேவையில்லை. உள்நாட்டுப் போர் மூண்டதும் வடக்குப் படையோடு ஒட்டிக்கொண்டு தப்பினார், கடற்படையில் சேர்ந்தார், போர் முடிந்தபின் பாதிரியார் ஆனார். 1886இல் கறுப்பின வீரர்களைக் கொண்ட 24ஆவது காலாட்படையின் சமயப் போதகராக நியமனம் பெற்றார். படையில் எழுத்தறியாத சிப்பாய்களுக்குப் பள்ளி நடத்துவதையே தலையாய வேலையாக வைத்துக்கொண்டார். 1906இல் ஓய்வு பெற்றபோது அவர் லெப்டினன்ட் கர்னல். அதுவரை எந்தக் கறுப்பினத்தவரும் அமெரிக்கத் தரைப்படையில் அந்தப் பதவியை எட்டியதில்லை.

பென்ஷன் வாங்கிக்கொண்டு சாய்வு நாற்காலியில் கிடந்திருக்கலாம். 1908இல், வில்லியம் பேய்ன் என்ற ஆசிரியரும் வேறு சிலரும் துணை நிற்க, கறுப்பின மக்களுக்கென்றே ஓர் ஊரை அமைக்கச் சங்கம் கண்டார். சாண்டா ஃபே ரயில் நின்று போகும் சொலிடோ என்ற இடத்தருகே, சான் வாக்கின் பள்ளத்தாக்கில் நிலம் வாங்கினார்கள். விற்றது வெள்ளையர் நடத்திய பசிபிக் ஃபார்மிங் கம்பெனி. (அந்த மண் அதற்கும் முன்னால் யோகுட் பழங்குடியினருடையது, அவர்களிடமிருந்து அது எப்படிக் கைமாறியது என்பது தனிக் கட்டுரைக்குரிய கொடுமை.) வேறிடங்களில் கறுப்பர்களுக்கு வீட்டை விற்கவும் கடையை வாடகைக்கு விடவும் மறுத்த காலம் அது. இங்கே அவர்களே நிலத்துக்குச் சொந்தக்காரர்கள், அவர்களே கடைக்காரர்கள், அவர்களே ஆசிரியர்கள்.

ஆறே ஆண்டுகளில் அந்தப் பொட்டல் வெளியில் எழுந்தவற்றைப் பாருங்கள். மளிகைக் கடை, ரொட்டிக் கடை, மருந்துக் கடை, முடிதிருத்தகம், தங்கும் விடுதி, தேவாலயங்கள். 1912இல் நல்லதொரு பள்ளிக் கட்டடம். 1913இல் கர்னலின் துணைவியார் ஜோசபின், தம் தாயார் பெயரில் நூலகம் திறந்தார். கர்னல் தம் சொந்தப் புத்தகங்களை அதற்கு வாரிக் கொடுத்தார். சொற்போர் மன்றம், பாட்டுக் குழு, மாதர் முன்னேற்றக் கழகம் எல்லாம் நடந்தன. வெளியூரில் பத்துத் தமிழர் கூடினால் முதலில் ஒரு படிப்பகத்துக்கு இடம் பார்க்கும் வழக்கம் நமக்கு உண்டல்லவா? அந்த மனசு நமக்குப் புரியும். 1914இல் அவ்வூர் தனி வாக்குச் சாவடி வட்டாரமாகவும் தனி நீதி வட்டாரமாகவும் ஆயிற்று. ஆஸ்கர் ஓவர் என்பவர் அங்கே நீதிபதியாகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். அந்த மாநிலத்தில் அப்படிப் பதவியேற்ற முதல் கறுப்பினத்தவர் அவரே. கான்ஸ்டபிளும் ஊர்க்காரரே.

அடிமைச் சந்தையில் விலைபோன சிறுவனின் பெயரில் ஓர் ஊர்; அந்த ஊருக்கு நூலகம், நீதிமன்றம். இதைவிடத் தன்மானம் வேறென்ன வேண்டும் என்று நாம் மேடையில் முழங்கியிருப்போம். மாலைகூடப் போட்டிருப்போம். ஆனால் தண்ணீர் யாரிடம் இருந்தது? ரயில் யாரிடம் இருந்தது?

நிலத்தை விற்கும்போது பாசனத்துக்கு வேண்டிய தண்ணீர் தருவதாகக் கம்பெனி வாக்களித்திருந்தது. தென்னாற்காட்டுக்காரர்கள் ஆர்டீசியன் ஊற்றைப் பார்த்திருப்பார்கள். எஞ்சின் இல்லாமல் தானே பொங்கி வழியும். அந்தப் பகுதியிலும் அப்படிப்பட்ட கிணறுகள் உண்டு. சொன்ன அளவுக்குக் கிணறு வரவில்லை. குடியிருப்போர் தொகை பெருகப் பெருகத் தண்ணீர்ப் பஞ்சமும் பெருகிற்று. வழக்கும் வாதுமாக இழுபட்டுக் கடைசியில் நீர் வழங்கும் பொறுப்பு ஊராரின் கைக்கு வந்தபோது, கிடைத்தது பழுதுபட்ட குழாய்களும் இறங்கிக்கொண்டே போகும் நிலத்தடி நீரும்தான். சுற்றிலும் பெரும் பண்ணைகள் ஆழ ஆழத் தோண்டி உறிஞ்சின. நிலத்தின் பத்திரம் கறுப்பர் கையில். அதன் உயிர்நாடி வேறொருவர் கையில்.

1914இல் ரயில்வே கம்பெனி, சில மைல் தள்ளியிருந்த அல்பா என்ற ஊருக்குக் கிளைப் பாதை போட்டது. சரக்கும் வணிகமும் அந்தப் பக்கம் போயின. அதற்கு முன்பும், அலென்ஸ்வொர்த் நிலையத்தில் பொறுப்பான வேலைக்குக் கறுப்பரை அமர்த்த அந்தக் கம்பெனி சம்மதிக்கவில்லை. ஊர் முழுதும் கறுப்பர். டிக்கெட் கிழிக்க மட்டும் வெள்ளையர் வேண்டுமாம்! அதே ஆண்டு செப்டம்பரில் மான்ரோவியா என்ற ஊரில் தெருவைக் கடந்துகொண்டிருந்த கர்னலை மோட்டார் சைக்கிள் ஒன்று மோதியது. அவர் இறந்தார்.

மூன்றாவது அடியைச் சற்று நின்று பார்க்க வேண்டும், ஏனெனில் இது நமக்குள்ளேயே இன்றும் நடக்கும் வாதம். புக்கர் வாஷிங்டன் தெற்கே டஸ்கீகியில் நடத்திய தொழிற்பள்ளியைப்போல மேற்கே ஒன்றைத் தம் ஊரில் அமைக்க வேண்டும் என்பது கர்னலின் கனவு. மாநிலச் சட்டமன்றத்தில் அதற்கு மசோதா வந்தது. அது 1915இல் தோற்றது. எதிர்த்தவர்கள் வெள்ளையர் மட்டுமல்ல. லாஸ் ஏஞ்சலஸ் நகரத்துக் கறுப்பினத் தலைவர்கள் பலரும் எதிர்த்தார்கள். கறுப்பருக்கெனத் தனிப் பள்ளி வைக்க அரசு பணம் கொடுத்தால், நாளைக்குப் பொதுப் பள்ளியின் கதவைச் சாத்த அதுவே சாக்காகிவிடும் என்பது அவர்கள் அச்சம். அந்த அச்சத்தை நாம் ஏளனம் செய்யமாட்டோம். அதில் நியாயம் இருந்தது. ஆனால் பள்ளி வராமற் போனதால் விளைந்தது என்ன? பொதுக் கதவுகள் அதனால் அகலத் திறந்துவிடவில்லை. வேலை தேடி இளைஞர்கள் நகரங்களுக்குப் போனார்கள். தலைவர்களும் ஒவ்வொருவராக ஊரைவிட்டு நீங்கினார்கள்.

அதே 1913 முதல் 1916 வரை, அந்நாட்டின் மறுகோடியில் நியூயார்க்கின் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் அண்ணல் அம்பேத்கர் படித்துக்கொண்டிருந்தார். இரண்டுக்கும் முடிச்சுப் போட நாம் முயலவில்லை. ஆயினும், 1942 ஜூலையில் நாகபுரியில் கூடிய ஒடுக்கப்பட்டோர் மாநாடு, தீண்டப்படாத மக்களுக்குத் தனிக் கிராமங்கள் வேண்டும் என்று தீர்மானம் போட்டது. 1947இல் அரசமைப்பு அவைக்கென்று அண்ணல் எழுதிய 'மாநிலங்களும் சிறுபான்மையோரும்' என்ற திட்டத்தில் அந்தக் கோரிக்கை விரிவாகவே இருக்கிறது. அதைப் படித்தவர்கள் ஒன்றைக் கவனித்திருப்பார்கள். "நாமே காசு சேர்த்து நிலம் வாங்கி ஊர் கட்டிக்கொள்வோம்" என்று அவர் எழுதவில்லை. அரசின் தரிசு நிலங்களைப் பொறுப்பேற்று நடத்த அரசமைப்பின்கீழ் ஒரு குடியேற்ற ஆணையம் வேண்டும். அதற்கு மத்திய அரசு ஆண்டுதோறும் ஐந்து கோடி ரூபாய் ஒதுக்க வேண்டும் என்று கேட்டார். அன்றைய ஐந்து கோடி! அரசமைப்பில் அது இடம்பெறாமலே போயிற்று.

நல்லெண்ணத்தையும் சொந்த உழைப்பையும் மட்டும் நம்பி ஊர் அமைத்தால் என்னவாகும் என்பதற்கு அலென்ஸ்வொர்த் சாட்சி. அண்ணல் ஏன் அரசின் கையைப் பிடித்து இழுத்தார் என்பதற்கும் அதுவே விளக்கம். தமிழ்நாட்டில் 1892க்குப் பின் ஒடுக்கப்பட்ட மக்களுக்குக் கொடுத்த பஞ்சமி நிலம், பிறருக்கு விற்கக் கூடாது என்ற நிபந்தனையோடு கொடுத்ததுதான். அதில் எவ்வளவு பிறர் கைக்குப் போயிற்று என்பது நாடறிந்த செய்தி. கையில் பத்திரம் இருந்தால் போதும் என்பவர்கள் அந்த வரலாற்றைப் படிக்கட்டும். பதவி இருந்தால் போதும் என்பவர்கள் மதுரை மாவட்டத்துப் பாப்பாபட்டி, கீரிப்பட்டி, நாட்டார்மங்கலத்தைப் பார்க்கட்டும். தனி ஊராட்சிகள் என்று சட்டம் ஒதுக்கிக் கொடுத்த பின்பும் 2006 வரை பத்தாண்டுகள் அங்கே முறையான தேர்தல் நடத்த முடியவில்லை.

அலென்ஸ்வொர்த்துக்குத் திரும்புவோம். 1966இல் ஊரின் குடிநீரில் ஆர்சனிக் என்னும் பாஷாணம் இருப்பது தெரியவந்தது. மிஞ்சியிருந்த குடும்பங்களிலும் பல வெளியேறின. கைவிட்ட கட்டடங்கள் இடிபடும் நிலை. அப்போது, இளமையில் அவ்வூரில் வாழ்ந்து பின்னர் மாநிலப் பூங்காத் துறையில் வேலை பார்த்த கொர்னீலியஸ் எட் போப், அந்த இடத்தை வரலாற்றுச் சின்னமாகக் காக்க வேண்டும் என்று இயக்கமே நடத்தினார். 1974இல் மாநில அரசு பழைய ஊரின் நிலத்தை வாங்கியது; 1976இல் அது வரலாற்றுப் பூங்கா ஆயிற்று. பள்ளி, நூலகம், கர்னலின் வீடு எல்லாவற்றையும் பழையபடி எழுப்பி வண்ணம் பூசினார்கள். இன்றும் விழா நாட்களில் தொலைதூரத்திலிருந்து மக்கள் திரளுகிறார்கள். நல்ல காரியம், போப் அவர்களை வணங்குகிறோம்.

ஆனால் தேதிகளை மட்டும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். 1971இல் கவுண்டி அரசு இந்த ஊர் சாகட்டும் என்று தண்ணீரை மறுக்கத் திட்டமிடுகிறது. 1974இல் மாநில அரசு இதே ஊரின் நினைவைப் போற்றக் காசு கொடுக்கிறது. பூங்காவின் வேலிக்கு வெளியே ஓர் உயிருள்ள அலென்ஸ்வொர்த் அன்றும் இருந்தது, இன்றும் இருக்கிறது. ஏறக்குறைய ஐந்நூறு பேர். பெரும்பாலோர் மெக்சிகோ முதலிய நாடுகளை வேராகக் கொண்ட பண்ணைத் தொழிலாளர்கள். கறுப்பர் விட்டுச் சென்ற இடத்தில் அடுத்த குடியேறிகள் வந்து அமர்ந்தார்கள். கூடவே அதே பாஷாணத் தண்ணீரும் அவர்களுக்கு வாய்த்தது. இறந்தவர்களின் வீட்டுக்கு வண்ணம் பூசும் அரசுகள், இருப்பவர்களின் குழாயைத் திரும்பிப் பார்ப்பதில்லை. தலைவர்களுக்குச் சிலையும் அவர்கள் பிறந்த சேரிக்குச் சாக்கடையுமாகப் பழகிய நமக்கு இது புதிதல்ல.

2007இல் அந்தப் பூங்காவின் பக்கத்திலேயே ஆயிரக்கணக்கான மாடுகளைக் கொண்ட பெரும் பால் பண்ணைகளுக்குக் கவுண்டி அனுமதி கொடுத்தது. நாற்றமும் ஈயும் நிலத்தடி நீரில் கழிவும் சேரும் என்று எதிர்ப்பு கிளம்பியது. பிறகு மாநில அரசு பண்ணை உரிமையாளருக்குப் பணம் கொடுத்து அத்திட்டத்தைக் கைவிடச் செய்ய வேண்டியதாயிற்று. ஐந்நூறு பேரின் மூக்குக்காக அல்ல. பூங்காவுக்காகவே பணப்பெட்டி திறந்தது என்று சொன்னால் பொய்யாகாது. 2012இல் கலிபோர்னியா, தூய தண்ணீர் ஒவ்வொரு மனிதனுக்கும் உரிமை என்று சட்டமே செய்தது. சட்டம் வந்த பின்பும் அவ்வூர் மக்கள் புட்டித் தண்ணீருக்காகக் கார் ஓட்டிப் போனார்கள்.

அமெரிக்காவை எள்ளி நகையாட நாம் இதை எழுதவில்லை. நம்மில் எத்தனையோ பேர் வாழும் மும்பையில், ஒரு குடிசைப் பகுதி அறிவிக்கப்பட்டதா அறிவிக்கப்படாததா, குறிப்பிட்ட தேதிக்கு முன் வந்ததா பின் வந்ததா என்று பார்த்துத்தான் நெடுங்காலம் குழாய் கொடுத்தார்கள். தேதிக்குப் பிந்தியவர்களுக்குத் தாகமே எடுக்காது போலும்! 2014 டிசம்பரில் பம்பாய் உயர் நீதிமன்றம், குடியிருப்பு சட்டப்படியானதல்ல என்பதற்காகக் குடிநீரை மறுக்க முடியாது என்று தீர்ப்பளித்தது. தண்ணீர் உரிமைக்காகத் தெருவில் நின்ற எளிய மக்கள் தொடுத்த வழக்கு அது. மாநகராட்சி 'அனைவருக்கும் தண்ணீர்' என்ற கொள்கையை அறிவித்தது 2022 மே மாதத்தில். தீர்ப்புக்கும் கொள்கைக்கும் இடையே ஏழு ஆண்டு கடந்துவிட்டது. அங்கே 'பதிவு பெறாத ஊர்' என்றார்கள். இங்கே 'அறிவிக்கப்படாத குடிசை' என்றார்கள். தண்ணீரை மறுப்பதற்கு முன்னால் ஆட்சியாளர்கள் எப்போதும் ஒரு பெயரைத் தேடிக்கொள்கிறார்கள்.

கடைசியாக 2023. டுலேர் ஏரி என்றொரு பேரேரி ஒரு காலத்தில் அங்கே இருந்தது. பண்ணைக்காரர்கள் அதில் வந்து சேரும் ஆறுகளைத் திருப்பி, ஏரியை வற்ற வைத்து வயலாக்கிவிட்டிருந்தார்கள். அந்த ஆண்டு மார்ச்சில் கொட்டிய மழையிலும் மலைப்பனியிலும் ஏரி தன் பழைய இடத்தைக் கேட்டுத் திரும்பி வந்தது. தண்ணீருக்காக நூறாண்டு ஏங்கிய ஊரை இப்போது தண்ணீரே சூழ்ந்தது. பெரும் பண்ணைகளுக்குத் தனிக் கரைகள் உண்டு, அலென்ஸ்வொர்த்துக்கு இல்லை. ஒரு கரையை யாரோ வேண்டுமென்றே வெட்டிவிட்டார்கள் என்றும் புகார் எழுந்தது. ரயில் பாதையின் அடியிலுள்ள மதகு வழியே வெள்ளம் ஊரை நோக்கி வந்தபோது, ஊரார் மணல் மூட்டையும் பலகையுமாக ஓடி அதை அடைக்கப் பார்த்தார்கள். கூடாது என்று தடுத்தது ரயில்வே கம்பெனி. எந்தக் கம்பெனி? 1914இல் வண்டியைத் திருப்பிவிட்ட அந்தச் சாண்டா ஃபேயின் வாரிசுக் கம்பெனிதான்.

வெளியேறச் சொல்லி ஆணை வந்தது. பலர் வெளியேறவில்லை. மண்வெட்டியோடும் டிராக்டரோடும் இரவு பகலாகக் கரை போட்டார்கள். ஊரின் பெரும்பகுதி நனையாமல் தப்பியது.